ஏற்காட்டுக் குளிரில் காலிஃப்ளவர் கடைசல்

சேலத்திலிருந்து ஏற்காட்டுக்கு 20 கொண்டை ஊசி வளைவுகள். இருபதையும் தாண்டி ஏரிக்கரையில் வண்டியை நிறுத்தினால், குளிர்காற்றோடு சேர்ந்து முதலில் முகத்தில் மோதுவது எண்ணெய்ச் சட்டி வாசனைதான். மிளகாய் பஜ்ஜி, வாழைக்காய் பஜ்ஜி, செக்கச்செவேலென்று பொரித்த காலிஃப்ளவர் சில்லி. வண்டியில் வந்தவர்களில் ஒருவர் மட்டும், "எனக்கு வேண்டாம், நீங்க சாப்பிடுங்க" என்று சொல்லிவிட்டு ஏரியைப் பார்த்துக்கொண்டு நிற்பார். ஐந்து நிமிடம் கழித்து, "சரி, ஒண்ணே ஒண்ணு குடு" என்று கையை நீட்டுவார். அவர்தான் அந்த வீட்டின் சுகர் பேஷன்ட்.

2023-ல் வெளியான ஐ.சி.எம்.ஆர். - இந்தியாப் ஆய்வின்படி, தமிழ்நாட்டில் 20 வயதைத் தாண்டியவர்களில் 14.4 சதவீதம் பேருக்கு நீரிழிவு இருக்கிறது. அதாவது ஏழு பேருக்கு ஒருவர். பெரிய குடும்பமாக வேன் வைத்து மலையேறினால், அந்த வேனில் அப்படி ஒருவராவது இருப்பார். சில வேன்களில் இரண்டு பேர். மற்றவர்கள் சாப்பிடும்போது அவர்கள் தட்டில் என்ன இருக்கும் என்பதுதான் பல வீடுகளில் தினமும் மூன்று வேளை நடக்கும் சிக்கல். 'இதைச் சாப்பிடாதே' என்று சொல்ல ஆயிரம் பேர் வருவார்கள். பதிலுக்கு எதைச் சாப்பிடுவது என்று சொல்கிறவர்கள் குறைவு.

அந்த எண்ணெய்ச் சட்டிக்குள் கிடக்கும் அதே காலிஃப்ளவரிலேயே ஒரு பதில் இருக்கிறது. அதை மாவில் முக்காமல், பொரிக்காமல், ஆவியில் வேகவைத்துக் கடைந்தால் போதும். மேல்நாட்டில் இதை உருளைக்கிழங்கு மசியலுக்குப் பதிலாகத் தட்டில் வைக்கிறார்கள். சேலம் பக்கத்துக்காரர்களுக்கு இதை விளக்கவே தேவையில்லை. கீரைக் கடைசல், கத்தரிக்காய்க் கடைசல், தக்காளிக் கடைசல் சாப்பிட்டு வளர்ந்த நாக்குக்கு இது இன்னொரு கடைசல், அவ்வளவுதான்.

இந்தக் காயின் கதையைக் கொஞ்சம் பார்க்கலாம். காலிஃப்ளவர் நம் ஊர்க் காய் இல்லை. 1822-ல் இங்கிலாந்திலிருந்து விதை கொண்டுவந்து, உத்தரப்பிரதேசத்தின் சஹாரன்பூர் கம்பெனித் தோட்டத்தில் போட்டார்கள். ஏறக்குறைய அதே 1820-களில்தான், சேலம் கலெக்டராக இருந்த எம்.டி. காக்பர்ன் சேர்வராயன் மலையில் காபிச் செடியை வளர்த்துப் பார்த்தார். காபி மலையில் வேரூன்றி இன்றுவரை ஏற்காட்டின் முகமாக இருக்கிறது. காலிஃப்ளவரோ வடக்கே சமவெளி வெயிலுக்குப் பழகி, பட்டம் பட்டமாகப் பிரிந்து, குவாரி, கார்த்திகி, அகானி, பூசி, மாகி என்று இந்தி மாதப் பெயர்களையே ரகப் பெயராக வாங்கிக்கொண்டது. குளிர்நாட்டுப் பயிர் ஒன்று இத்தனை வேகமாக நம் வெயிலுக்கு இறங்கி வந்தது ஆச்சரியம்தான். இன்று தமிழ்நாட்டில் மலைக் காய்கறியாகவும் விளைகிறது, ஓசூர் பக்கத்துச் சமவெளிக் காயாகவும் வருகிறது. மார்கழி, தை மாதங்களில் சூரமங்கலம் உழவர் சந்தையில் பூவைப் பார்த்தால் வாங்காமல் வரத் தோன்றாது.

வந்த காய் நம் ஊரில் என்ன ஆனது? மைதா, சோள மாவு, அரிசி மாவு மூன்றும் கலந்த கெட்டியான சட்டைக்குள் புகுந்து, 'சில்லி' ஆகிவிட்டது. உள்ளே இருக்கும் பூவைவிட வெளியே இருக்கும் மாவும் எண்ணெயும்தான் அதிகம். போதாததற்குச் சிவப்பு நிறம். 2024 மார்ச்சில் கர்நாடக அரசு கோபி மஞ்சூரியனில் செயற்கை நிறம் சேர்க்கத் தடை விதித்தது நினைவிருக்கலாம். அதற்கு முந்தைய மாதம்தான், ரோடமின்-பி என்ற சாயம் கலந்திருப்பது தெரிந்து, தமிழ்நாட்டில் பஞ்சு மிட்டாய்க்குத் தடை வந்தது. கடையில் அழகான சிவப்பைப் பார்த்தால் நாக்கில் நீர் ஊறுவதற்கு முன் கொஞ்சம் சந்தேகமும் ஊறட்டும்.

உருளைக்கு மாற்றாகக் காலிஃப்ளவர் என்பதைப் பரவலாக்கியதில் ஒரு டாக்டருக்குப் பங்கு உண்டு. 2003-ல் வெளியான 'சவுத் பீச் டயட்' புத்தகத்தை எழுதிய மயாமி இதய மருத்துவர் ஆர்தர் அகாட்ஸ்டன், காலிஃப்ளவரை மசித்து, அதற்கு 'மசித்த உருளைக்கிழங்கு' என்றே குறும்பாகப் பெயர் வைத்து ஒரு செய்முறை கொடுத்திருந்தார். இதயத்துக்கு சி.டி. ஸ்கேன் எடுத்தவர்கள் தங்கள் ரிப்போர்ட்டில் கால்சியம் அளவுக்குப் பக்கத்தில் 'அகாட்ஸ்டன் ஸ்கோர்' என்று பார்த்திருக்கலாம். அதே அகாட்ஸ்டன்தான். தமிழில் இந்தப் பேச்சை வீடுவீடாகக் கொண்டுபோனது பேலியோ அலை. நியாண்டர் செல்வனின் 'பேலியோ டயட்' புத்தகமும், ஃபேஸ்புக் குழுவும் வந்த பிறகு, 'காலிஃப்ளவர் ரைஸ்' என்ற வார்த்தை கிராமத்து வீடுகளில்கூடக் கேட்டது. ஆனால் காலிஃப்ளவரைத் துருவிச் சாதம் மாதிரி ஆக்கும்போது, நாக்கு சோற்றை எதிர்பார்த்து ஏமாந்துபோகிறது. கடைசலாக வரும்போது அந்த ஏமாற்றம் இல்லை. எந்த வேஷமும் போடாமல் அது அதுவாகவே வருகிறது.

இனி அடுப்படிக்கு.

நடுத்தர அளவுப் பூ ஒன்று. இலை, அடித்தண்டின் கட்டையான பகுதி போக 600 கிராம் தேறினால் நான்கு பேருக்குச் சரியாக இருக்கும். உள்தண்டைத் தூக்கிப் போட வேண்டாம். தோலைச் சீவிவிட்டுப் பொடியாக நறுக்கினால் அதுவும் நன்றாகக் கடையும். பூவுக்குள் சின்னச் சின்னப் பச்சைப் புழுக்கள் ஒளிந்திருக்கும் என்பது எல்லா வீட்டுக்கும் தெரிந்த விஷயம். கொதித்து இறக்கிய நீரில் கல்லுப்பும் மஞ்சள்தூளும் போட்டு, பூக்களை ஐந்து நிமிடம் முக்கி எடுத்து, பிறகு நல்ல தண்ணீரில் இரண்டு முறை அலசவும். அடுப்பில் வைத்து அந்த நீரிலேயே கொதிக்கவிட வேண்டாம். அங்கேதான் பலருக்கும் கடைசல் கெட்டுப்போகிறது.

காரணம் இதுதான். காலிஃப்ளவரில் 100-க்கு 92 பங்கு தண்ணீர். உருளையில் மாவுச்சத்து இருக்கிறது. அது வெந்ததும் பசை மாதிரி நீரைப் பிடித்துவைத்துக்கொள்ளும். இதில் பிடிப்பதற்கு மாவு இல்லை. எனவே நீரில் வேகவைத்தால் அது மேலும் நீரைக் குடித்து, கடையும்போது கஞ்சியாகிவிடும். "ஏம்மா, இது என்ன கொழந்தைக்குக் குடுக்கற கூழாட்டம் இருக்குது?" என்று மாமியார் கேட்பார். "சுகருக்கு நல்லதுங்க அத்தை" என்று மருமகள் சொன்னாலும், இரண்டாம் நாள் அந்தக் கிண்ணம் அப்படியே திரும்பி வரும். தப்பு காயில் இல்லை, தண்ணீரில்.

அதனால் இட்லிப் பானைதான் சரி. தட்டில் துணி விரித்து, பூக்களைப் பரப்பி, மூடி போட்டு ஆவியில் 10 முதல் 12 நிமிடம். தண்டில் முள்கரண்டி தடையில்லாமல் இறங்க வேண்டும். ஏற்காட்டில் காட்டேஜ் எடுத்துத் தங்கிச் சமைக்கிறவர்களுக்கு ஒரு விஷயம்: சுமார் 1,500 மீட்டர் உயரத்தில் தண்ணீர் 95 டிகிரி அருகிலேயே கொதித்துவிடும். ஆவியும் அந்த அளவுச் சூடுதான். எனவே சேலத்தில் 10 நிமிடத்தில் வேகும் பூ, மேலே இன்னும் மூன்று நான்கு நிமிடம் கேட்கும். அதற்காகக் குக்கரில் விசில் விட வேண்டாம். குழைந்து, நீர் கோத்துக்கொள்ளும். ரொம்ப நேரம் வெந்தால் கந்தக வாடையும் கிளம்பும். காலிஃப்ளவர் பிடிக்காது என்கிறவர்களில் பாதிப் பேருக்குப் பிடிக்காதது அந்த வாடைதான்.

வெந்ததும் தட்டோடு வெளியே எடுத்து, ஐந்து நிமிடம் ஆவி போக விட வேண்டும். பிறகு சுத்தமான பழைய வேட்டித் துணியில் கொட்டி, மூட்டையாக்கி, மெதுவாக ஒரு முறுக்கு. கை பொறுக்கும் சூட்டில் செய்தால் போதும். வடிகிற நீரைப் பார்த்தால் 'இவ்வளவா' என்று தோன்றும். அந்த நீரை ரசத்திலோ சூப்பிலோ சேர்த்துக்கொள்ளலாம். இந்த ஒரு வேலையைச் சோம்பலில் விட்டால் மீதி எல்லாம் வீண்.

அடிகனமான சட்டியில் ஒரு டேபிள்ஸ்பூன் வெண்ணெய். உருகியதும் பொடியாகத் தட்டிய பூண்டு நான்கு பல், விருப்பப்பட்டால் ஒரு துண்டு இஞ்சி. பூண்டு சிவக்கக் கூடாது, வாசனை வந்தால் போதும். பிழிந்த பூவைப் போட்டு இரண்டு நிமிடம் புரட்டினால் மிச்ச ஈரமும் வற்றும். இறக்கி வைத்துக் கீரை மத்தால் கடையவும். கொஞ்சம் திப்பி திப்பியாக இருப்பதே நன்றாக இருக்கும். வழுவழுப்பாக வேண்டும் என்றால் மிக்ஸியில் விட்டு விட்டு நாலு சுற்று. ஒரு சொட்டுத் தண்ணீர்கூட விடாமல். உப்பைக் கடைசியில் போடுங்கள், முதலிலேயே போட்டால் நீர் விடும்.

கெட்டிப்பட என்ன சேர்ப்பது? மேல்நாட்டில் க்ரீம் சீஸ் போடுவார்கள். நம் வீட்டில் 50 கிராம் பனீரை உதிர்த்துச் சேர்த்துக் கடையலாம். அல்லது துணியில் கட்டித் தொங்கவிட்டு நீர் வடிந்த தயிர் இரண்டு ஸ்பூன். சிலர் ஒரு ஸ்பூன் சோள மாவு கரைத்து ஊற்றுகிறார்கள். அப்புறம் எதற்கு இவ்வளவு பாடுபட்டுக் காலிஃப்ளவரைப் பிழிந்தோம்?

மேலே மிளகு. ஏற்காட்டுக் காபித் தோட்டங்களில் நிழலுக்கு நிற்கும் சில்வர் ஓக் மரங்களில் கொடியாக ஏறியிருப்பது மிளகுதான். மலையிலிருந்து இறங்கும்போது நூறு கிராம் வாங்கி வந்து, அப்போதைக்கு அப்போது ஒன்றிரண்டாக இடித்துத் தூவினால் கடைசலின் குணமே மாறும். கடுகு, உளுந்து, கறிவேப்பிலை தாளித்தும் கொட்டலாம். ஒரு சிட்டிகைப் பெருங்காயம் சேர்ப்பது நல்லது, ஏனென்றால் காலிஃப்ளவர் சிலருக்கு வயிற்றில் வாயுவைக் கிளப்பும்.

இப்போது கணக்கு. 150 கிராம் காலிஃப்ளவரில் மொத்த மாவுச்சத்து சுமார் 7.5 கிராம், அதிலும் 3 கிராம் நார்ச்சத்து. அதே 150 கிராம் வேகவைத்த உருளையில் சுமார் 30 கிராம். அதே எடைச் சோற்றில் சுமார் 42 கிராம். நான்கு பேருக்குப் பங்கிட்ட வெண்ணெயையும் சேர்த்தால் ஒரு கிண்ணக் கடைசல் 65 கலோரி அளவில் நிற்கும். பனீர் சேர்த்தால் இன்னும் கொஞ்சம் ஏறும். அதற்காகக் கவலைப்பட வேண்டாம். அது புரதத்தோடு வருகிறது.

வித்தியாசம் பெரிதுதான். ஆனால் வழக்கமான இரண்டு கரண்டிச் சோறு, சாம்பார், பொரியல் எல்லாம் சாப்பிட்டுவிட்டு, கூடவே ஒரு கிண்ணம் காலிஃப்ளவரும் சாப்பிட்டால் சர்க்கரை குறையாது. ஒரு கரண்டிச் சோறு தட்டிலிருந்து இறங்கினால்தான் இது ஏற வேண்டும். இதைச் சொன்னால் சிரிப்பார்கள். ஆனால் டயட் தோற்கும் வீடுகளில் பெரும்பாலும் நடப்பது இதுதான்.

சேலத்தில் இருந்துகொண்டு மாவுச்சத்தைக் குறைப்பது லேசான காரியமும் இல்லை. மலையில் நின்று கீழே பார்த்தால் தெரியும் ஜில்லாவே மாவுச்சத்தில் பிழைக்கிற ஜில்லா. குச்சிக் கிழங்கு என்று சேலத்தார் சொல்லும் மரவள்ளியிலிருந்து ஜவ்வரிசியும் ஸ்டார்ச்சும் எடுக்கும் தொழில் இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் தொடங்கி வளர்ந்தது. 1981-ல் அதற்கென்றே 'சேகோசர்வ்' கூட்டுறவுச் சங்கம் உருவானது. 2023-ல் சேலம் ஜவ்வரிசிக்குப் புவிசார் குறியீடும் கிடைத்தது. பெருமைப்பட வேண்டிய விஷயம். ஆனால் காய்ந்த ஜவ்வரிசி 100 கிராமில் 85 கிராமுக்கு மேல் மாவுச்சத்துதான். உடம்பு சரியில்லை என்றால் ஜவ்வரிசிக் கஞ்சி, விசேஷம் என்றால் ஜவ்வரிசிப் பாயசம், வெயில் காலத்தில் ஜவ்வரிசி வடகம் என்று பழகிய வீட்டில், சுகர் பேஷன்ட்டுக்கு எது 'லேசான உணவு' என்பதை முதலில் இருந்து கற்றுக்கொள்ள வேண்டியிருக்கிறது.

'அப்படியானால் சிறுதானியத்துக்கு மாறிவிடலாமே' என்று உடனே ஒரு கேள்வி வரும். சேர்வராயன் மலையின் மலையாளிப் பழங்குடி மக்கள் தலைமுறை தலைமுறையாகச் சாமைச் சோறும் கேழ்வரகுக் களியும் சாப்பிட்டவர்கள். அந்தச் சாமையையும் தினையையும் இப்போது பாக்கெட்டில் அடைத்து 'சுகர் உணவு' என்று விற்கிறார்கள். சாமையில் நார்ச்சத்து அதிகம், தீட்டாததாக இருந்தால் செரிப்பதும் நிதானம், நல்ல உணவுதான். ஆனால் சமைக்காத சாமையில் மூன்றில் இரண்டு பங்கு மாவுச்சத்து. மலையேறி, காடு கொத்தி, விறகு சுமந்தவர்கள் அதைச் சாப்பிட்டார்கள். சோபாவில் உட்கார்ந்து சாப்பிடும்போது கணக்கு வேறு. 2025-ல் 'நேச்சர் மெடிசின்' இதழில் வெளியான ஐ.சி.எம்.ஆர். - இந்தியாப் உணவு ஆய்வும் இதைத்தான் காட்டியது. இந்தியர்களின் கலோரியில் 62 சதவீதம் மாவுச்சத்திலிருந்து வருகிறது. அதன் மொத்த அளவைக் குறைக்காமல் அரிசியைக் கோதுமைக்கோ சிறுதானியத்துக்கோ மாற்றுவதால் மட்டும் நீரிழிவு ஆபத்து குறைவதாகத் தெரியவில்லை. ஆனால், கலோரியில் 5 சதவீதத்தை மாவுச்சத்திலிருந்து எடுத்து, பருப்பு, பால் போன்றவற்றின் புரதத்துக்கு மாற்றியவர்களுக்கு ஆபத்து குறைவாகக் காணப்பட்டது.

கடைசலில் வெண்ணெயைக் கட்டி கட்டியாகப் போடுவதைவிட அந்தப் பனீர் முக்கியம் என்பதற்கு இதுவே காரணம். காலிஃப்ளவரில் புரதம் 100 கிராமுக்கு 2 கிராம்கூட இல்லை. கூடவே ஒரு வறுத்த மீன், இரண்டு முட்டை, அல்லது கெட்டிப் பருப்பு, கொண்டைக்கடலைச் சுண்டல் என ஏதாவது ஒன்று இருந்தால்தான் அது சாப்பாடு. வெறும் கடைசலைச் சாப்பிட்டு எழுந்தவர் மாலை நான்கு மணிக்கு முறுக்கு டப்பாவைத் திறந்துவிடுவார்.

எச்சரிக்கை சொல்ல வேண்டிய இடம் ஒன்று இருக்கிறது, அதைச் சுருக்க முடியாது. இன்சுலின் போடுகிறவர்களும், கிளிமெபிரைடு, கிளிபென்கிளமைடு வகை மாத்திரை சாப்பிடுகிறவர்களும் டாக்டரிடம் சொல்லாமல் திடீரென்று சோற்றை நிறுத்தக் கூடாது. மருந்தின் அளவு பழைய சோற்றுக்குக் கணக்குப் போட்டது. சோறு இறங்கி மருந்து இறங்காவிட்டால் சர்க்கரை தாறுமாறாகத் தாழும். ஏற்காடு மாதிரி ஏற்ற இறக்கமான ஊரில் காலையில் மாத்திரை போட்டு, டயட் என்று காலை உணவையும் குறைத்து, பகோடா பாயின்ட்டிலும் லேடீஸ் சீட்டிலும் நடந்து திரிந்தால், குளிரிலும் வியர்க்கும். கை நடுங்கும், கண் இருட்டும், பேச்சு குழறும். மயக்கம் வருகிறது என்று படுக்க வைத்துவிடாதீர்கள். விழுங்க முடிகிற நிலையில் இருந்தால் உடனே மூன்று டீஸ்பூன் சர்க்கரையோ குளுக்கோஸோ தண்ணீரில் கரைத்துக் கொடுத்து, 15 நிமிடத்தில் மறுபடி சோதிக்க வேண்டும். நினைவில்லாதவர் வாயில் எதையும் ஊற்றக் கூடாது, ஆஸ்பத்திரிதான். மலைப்பயணத்தில் சுகர் பேஷன்ட்டின் சட்டைப்பையில் குளுக்கோஸ் பொட்டலம் இருப்பது அவசியம், பர்ஸை மறந்தாலும்.

டாபாகிளிஃப்ளோசின், எம்பாகிளிஃப்ளோசின் மாத்திரை சாப்பிடுகிறவர்களுக்கு வேறு மாதிரி ஆபத்து. இவர்கள் மாவுச்சத்தை அடியோடு வெட்டினால் உடம்பில் கீட்டோன் அமிலம் சேரக்கூடும். ரத்தச் சர்க்கரை ரொம்ப ஏறாமலேயே இது நடக்கும் என்பதால் வாந்தி, வயிற்றுவலி, மூச்சு வாங்கல் வந்தால் 'சுகர் சரியாத்தானே இருக்கு' என்று விட்டுவிடக் கூடாது. சிறுநீரகம் பழுதானவர்களுக்குப் பொட்டாசியம் கணக்கு உண்டு. அவர்கள் ஆவியில் வேகவைப்பதற்குப் பதில் நிறைய நீரில் வேகவைத்து, அந்த நீரைக் கொட்டிவிட்டுப் பிழிவது நல்லது. மேலே சொன்னதற்கு நேர் எதிர்! அளவை டாக்டரோ டயட்டீஷியனோ சொல்லட்டும். தைராய்டு இருப்பவர்கள் காலிஃப்ளவரையே தொடக் கூடாது என்று ஒரு பயம் பரவியிருக்கிறது. அயோடின் உப்பு சேர்க்கும் வீட்டில், வேகவைத்து, இந்த மாதிரி அளவாகச் சாப்பிடுவதில் பயப்பட ஒன்றுமில்லை.

வளரும் பிள்ளைகளுக்கும் கர்ப்பிணிகளுக்கும் மாவுச்சத்தை இப்படி வெட்ட வேண்டிய அவசியம் கிடையாது. அவர்கள் தட்டுக்கு, கடைந்த காலிஃப்ளவரில் பாதியும் வேகவைத்த உருளை பாதியும் கலந்து, மேலே கொஞ்சம் நெய் விட்டுக் கொடுத்தால் சண்டை போடாமல் சாப்பிடுவார்கள். ஒரே அடுப்பு, ஒரே சட்டி, இரண்டு கிண்ணம். தாத்தாவுக்கு மட்டும் தனிச் சமையல் என்ற பேச்சு வராது. தனியாக எடுத்துவைத்த சாப்பாட்டை யாரும் ஆசையாகச் சாப்பிடுவதில்லை.

மிச்சமானால் டப்பாவில் போட்டு ஃபிரிட்ஜில் வைத்து மறுநாளே தீர்த்துவிட வேண்டும். எடுக்கும்போது மேலே நீர் நின்றிருக்கும். அதை வடித்துவிட்டு, இரண்டு முட்டை, பொடியாக நறுக்கிய வெங்காயம், பச்சை மிளகாய், கொத்தமல்லி சேர்த்து அடித்து, தோசைக்கல்லில் கனமாக ஊற்றி, மூடி போட்டுச் சிறு தீயில் வேகவிடலாம். முட்டை சாப்பிடாத வீடு என்றால், பாசிப்பருப்பை இரண்டு மணி நேரம் ஊறவைத்துக் கரகரப்பாக அரைத்து, அதில் இந்தக் கடைசலைக் கலந்து அடையாகத் தட்டலாம். திருப்பும்போது மட்டும் அவசரப்படக் கூடாது, உடைந்துவிடும்.